பெண் பாம்பாகத்தான் வேண்டுமா?

ஜப்பான் தேசத்துச் சித்திரக் கதைகளிலே பெண்களுக்கு நாய்க்காதும் பூனைக்காதும் வைத்து வரைவது ஒரு வழக்கமாயிருக்கின்றது. அது இன்று கைப்பேசி வழியாக ஏரியூர் வாலிபர்கள் வரையில் வந்துவிட்டது. இதைக் கண்டு "கலாசாரம் கெட்டது" என்று பெருமூச்சு விடுகின்ற பெரியவர்களை நாம் ஒன்று கேட்கின்றோம். நமது பெண்களுக்குப் பாம்புத் தோலைப் போர்த்தியவர்கள் யார்?

1976-ல் வந்த "நாகின்" என்னும் இந்திப் படத்தைத் தழுவி 1979-ல் "நீயா?" வந்தது. 2017-ல் தொலைக்காட்சியில் "நந்தினி" வந்தது. 2019-ல் "நீயா 2" வந்தது. பாம்புகூட அவ்வப்போது சட்டையை உரித்துப் போடுகின்றது. நமது கதைக்காரர்களோ நாற்பது வருஷமாகியும் அப்பழஞ்சட்டையை உரித்தபாடில்லை!

ஜப்பான்காரன் நாய்க்காதுக்குக் கற்பூரம் கொளுத்துவதில்லை. நாமோ புற்றுக்குப் பால் வார்க்கின்றோம். பாம்பு எலியும் தவளையும் தின்னும் பிராணியேயன்றிப் பால் குடிக்கும் பிராணியல்ல. அது ஆளை அடையாளம் வைத்துப் பழிவாங்கும் என்பதும், பெண்ணுருக் கொள்ளும் என்பதும் வெறும் புளுகு. ஆனால் அந்தப் புளுகை வைத்துத்தான் "நாகதோஷம்" என்று சொல்லி ஏழைப் பெண்ணின் கல்யாணத்தைத் தடுப்பதும், பரிகாரமென்று பணம் பறிப்பதும் நடைபெறுகின்றன.

பணத்தோடு போனாலும் பாதகமில்லை. 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் மாண்டவர் சுமார் 12 லட்சம் பேர் என்று 2020-ல் வெளியான ஓர் ஆராய்ச்சி மதிப்பிடுகின்றது. அவர்களில் பெரும்பாலோர் நம்மைப் போன்ற கிராமத்தார்களே. கேழ்வரகுக் கொல்லையிலும் கடலைக்காட்டிலும் குனிந்து களையெடுக்கும் பெண்ணைக் கண்ணாடிவிரியன் கடித்தால், "நாகம்மாள் கோபம்" என்று மந்திரிக்கத் தூக்கிப் போகும் ஒவ்வொரு நாழிகையும் அவள் உயிரைத் தின்னுகின்றது. அவளைக் காக்கும் விஷமுறிவு மருந்துக்கு வேண்டிய விஷத்தை எடுத்துக் கொடுப்பவர்கள் யார்? சமூகம் ஒதுக்கி வைத்த இருளர்கள்! வடநெம்மேலியில் அவர்களுடைய கூட்டுறவுச் சங்கம் 1978 முதல் இருந்து வருகின்றது. எந்தச் சாமியாடியும் ஒரு துளி விஷங்கூட எடுத்துக் கொடுத்ததில்லை.

இன்னொரு சங்கதி. அநியாயம் செய்யப்பட்ட பெண் பாம்பாக மாறினால் பழிவாங்கலாமாம். மனுஷியாகவே இருந்தால் பொறுத்துப் போகவேண்டுமாம்! அவள் மனுஷியாக நின்று சொத்தில் பங்கும், படிப்பும், விவாக விடுதலையும் கேட்டால் கொட்டகையில் உட்கார்ந்திருக்கும் புருஷனுக்குக் கசக்கும். பாம்பாக வந்து சீறினாலோ கை தட்டுவான். வீட்டுக்கு வந்து பெண்ஜாதியை அடிப்பான்.

ஆகையால் தோழர்களே! தோழியர்களே! பாம்பு கடித்தால் மந்திரக்காரனைத் தேடாமல் 108-ஐக் கூப்பிடுங்கள். மனுஷியை மனுஷியாகக் காட்டாத கதைக்குக் காசு கொடாதீர்கள். பெண்ணுக்கு வேண்டியது படமல்ல. உரிமையே என்பது நமது அபிப்பிராயம்.