டெஸ்பாட்ச்: வாசலோடு முடிந்துபோகும் ஒரு சொல்

இந்தியப் பல்கலைக்கழக அலுவலகங்களில் ஆண்டு முழுவதும் புழங்கும் ஆங்கிலச் சொற்களுள் 'டெஸ்பாட்ச்' ஒன்று. "உங்கள் கடிதம் டெஸ்பாட்ச் ஆகிவிட்டது" என்னும் தொடர், கேட்பவருக்கு முழு விடைபோலத் தோன்றும். உண்மையில் அது பாதி விடையே. கடிதம் அலுவலகத்தை விட்டுப் புறப்பட்டது என்பதை அது தெரிவிக்கிறது. உரியவர் கைக்குச் சென்று சேர்ந்ததா என்பது பற்றி எதுவும் தெரிவிப்பதில்லை. இந்தப் பாதி விடையின் மேல்தான் காலக்கெடுக்களும் தகுதியிழப்புகளும் கட்டப்படுகின்றன. ஆகவே இச்சொல்லின் பொருளை ஆராய்வது அகராதி விளையாட்டாகாது. அனுப்புவோருக்கும் பெறுவோருக்கும் இடையே பொறுப்பு எவ்வாறு பங்கிடப்படுகிறது என்ற கேள்வி அதனுள் இருக்கிறது.

சொல்லின் பிறப்பிலிருந்து தொடங்கலாம். 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இத்தாலிய, ஸ்பானிய வினைச்சொற்களின் வழியாக இது ஆங்கிலத்துக்குள் வந்தது. தடைகளை அகற்றுதல், விரைந்து முடித்தல் என்பவை அவ்வினைகளின் அடிப்படைப் பொருள். ஸ்பானிய மொழியில் இதே வேரிலிருந்து வந்த 'தெஸ்பாச்சோ' என்னும் பெயர்ச்சொல் இன்று அலுவலக அறையையே குறிக்கிறது. போர்த்துகீசிய மொழியில் அதற்கு இணையான சொல், விண்ணப்பத்தின் மீது அதிகாரி எழுதும் ஆணையையும் குறிக்கும். அனுப்புதல், அலுவலகம், ஆணை ஆகிய மூன்றும் ஒரே வேரில் கூடி நிற்பது கவனத்துக்குரியது.

ஆங்கிலத்தில் இப்பெயர்ச்சொல் ஐந்து பொருள்களைப் பெற்றது: அனுப்பும் செயல், அரசோ படைத்தலைவரோ அனுப்பும் அலுவல்முறைச் செய்தி, நிருபர் தம் நாளிதழுக்கு அனுப்பும் செய்திக்கட்டுரை, காரியத்தை முடிப்பதில் காட்டும் விரைவு, கொன்று முடித்தல். ஐந்தையும் இணைப்பது 'கையிலிருப்பதை முடித்து அகற்றுதல்' என்னும் கருத்து. அனுப்பியவரின் மேசை காலியாகிவிட்டது. அவ்வளவே அதன் உட்பொருள். மறுமுனையில் நிற்பவரைப் பற்றிய குறிப்பு ஐந்தில் எதிலும் இல்லை.

எழுத்துக்கூட்டலிலும் ஒரு வரலாறு உண்டு. இச்சொல்லின் முதல் உயிரெழுத்தாக 'இ' ஒலிக்குரிய எழுத்தே ஆங்கிலத்தில் நெடுங்காலம் வழங்கியது. 1755இல் வெளிவந்த சாமுவேல் ஜான்சனின் அகராதி, 'எ' ஒலிக்குரிய எழுத்துடன் இதைத் தலைச்சொல்லாகப் பதித்தது. ஜான்சன் தம் எழுத்துகளில் பழைய வடிவத்தையே கையாண்டார் என்பது இதில் உள்ள வேடிக்கை. அகராதியின் செல்வாக்கால் புதிய வடிவமும் நிலைபெற்றது. இந்திய அலுவலக ஆங்கிலம் அதை இறுகப் பற்றிக்கொண்டது. இங்கு இச்சொல் 'டெஸ்பாட்ச்' என்று ஒலிக்கப்படுவதற்கும் அதுவே பின்புலம்.

இந்திய உயர்கல்வியின் வரலாற்றில் இச்சொல்லுக்குத் தனி இடம் உண்டு. 1854 ஜூலை 19 தேதியிட்டு, கிழக்கிந்தியக் கம்பெனியின் இயக்குநர் குழுவிடமிருந்து கவர்னர் ஜெனரலுக்கு 100 பத்திகள் கொண்ட ஓர் ஆவணம் வந்தது. கட்டுப்பாட்டு வாரியத்தின் தலைவராக இருந்த சார்லஸ் உட் பெயரால் அது அறியப்படுகிறது. லண்டன் பல்கலைக்கழகத்தை முன்மாதிரியாகக் கொண்டு பல்கலைக்கழகங்கள் அமைக்க அது வழிவகுத்தது. 1857இல் கல்கத்தா, பம்பாய், சென்னைப் பல்கலைக்கழகங்கள் தோன்றின. இந்நாட்டின் நவீனப் பல்கலைக்கழகமே ஒரு 'டெஸ்பாட்ச்' வழியாகப் பிறந்தது என்று சொல்லலாம்.

தமிழில் இந்த ஆவணம் பெரும்பாலும் 'உட் அறிக்கை' என்று வழங்குகிறது. இந்த மொழிபெயர்ப்பு ஒரு முக்கியமான வேறுபாட்டை மறைத்துவிடுகிறது. 1882இல் அமைக்கப்பட்ட ஹண்டர் கல்விக் குழு சாட்சியங்களைக் கேட்டது. ஜோதிராவ் புலே அதன்முன் தம் கருத்துகளை எழுத்தில் அளித்தார். அக்குழு தந்தது அறிக்கை. அது கேட்டறிந்து, தொகுத்து, மேலிடத்துக்கு அளிக்கப்படுவது. 1854இல் வந்ததோ மேலிடத்திலிருந்து இறங்கிய நெறியுரை. அனுப்பியவர்கள் லண்டனில் இருந்தார்கள். பெற்றவர் கவர்னர் ஜெனரல். யாருடைய கல்வியைப் பற்றி அது பேசியதோ அவர்கள் பெறுநராகவே கருதப்படவில்லை. கம்பெனியின் ஆவண வரிசைகளிலும் இந்தியாவுக்குச் சென்றவை 'டெஸ்பாட்ச்' என்றும், இந்தியாவிலிருந்து வந்தவை 'பெறப்பட்ட கடிதங்கள்' என்றும் தனித்தனியே தொகுக்கப்பட்டுள்ளன. சொல்லுக்குள் ஒரு திசை இருந்தது. 'அறிக்கை' என்று பெயர்க்கும்போது அந்தத் திசை அழிந்துவிடுகிறது.

அரசின் கடிதப் போக்குவரத்து தன் மொழிப் பழக்கத்தை அவ்வளவு எளிதில் விடுவதில்லை. எனினும் சட்டம் இவ்விஷயத்தில் அலுவலகத்தைவிட நுட்பமாகவே சிந்தித்திருக்கிறது. 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 4ஆம் பிரிவு, ஓர் ஏற்பு எப்போது தெரிவிக்கப்பட்டதாகக் கொள்ளப்படும் என்பதற்கு இரண்டு கணங்களைக் குறிப்பிடுகிறது. ஏற்பவரின் கட்டுப்பாட்டை மீறிச் செல்லுமாறு அது அனுப்பப்பட்டவுடன், முன்மொழிந்தவரை அது கட்டுப்படுத்தும். முன்மொழிந்தவரின் அறிவுக்கு வந்த பிறகே ஏற்பவரைக் கட்டுப்படுத்தும். அனுப்புதலுக்கு இரு முனைகள் உண்டு என்பதும், ஒவ்வொரு முனைக்கும் தனி நேரம் உண்டு என்பதும் ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே சட்டத்துக்குத் தெரிந்திருந்தது.

உச்ச நீதிமன்றமும் இதே வேறுபாட்டை எதிர்கொண்டது. பஞ்சாப் அரசுக்கும் அமர் சிங் ஹரிகாவுக்கும் இடையிலான வழக்கில், பணிநீக்க ஆணை கோப்பில் எழுதப்பட்டிருந்தால் மட்டும் போதாது, அது உரிய அலுவலருக்குத் தெரிவிக்கப்படவோ வெளியிடப்படவோ வேண்டும் என்று நீதிமன்றம் கூறியது. 1969இல் தீர்ப்பளிக்கப்பட்ட கேமி ராம் வழக்கில், விடுப்பில் இருந்த அலுவலரின் தற்காலிகப் பணிநீக்க ஆணையைப் பொறுத்தவரை, ஆணை அதிகாரியின் கட்டுப்பாட்டை விட்டு வெளியே அனுப்பப்பட்டதே போதும் என்று முடிவாயிற்று. கைக்கு வந்து சேர்வதே நிபந்தனை என்றால், பெறாமல் தவிர்ப்பவர் ஆணையையே முடக்கிவிடலாம் என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். அக்காரணம் வலுவானது. ஆயினும் அந்தத் தீர்ப்பிலேயே, பணிநீக்கம் போன்ற கடும் விளைவுடைய ஆணைக்கு உரியவர் அதை அறிந்திருப்பது தேவைப்படலாம் என்ற குறிப்பும் இடம்பெறுகிறது. விளைவு கடுமையாகும்தோறும் 'அனுப்பினோம்' என்பது போதாமற்போகிறது.

2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இன்னும் சுவையான சான்று. முதல் மேல்முறையீட்டுக்கான 30 நாள்களை, முடிவைப் பெற்ற நாளிலிருந்து அது கணக்கிட அனுமதிக்கிறது. இது குடிமக்களுக்குச் சாதகம். ஆனால் 7ஆம் பிரிவின் 3ஆம் உட்பிரிவில், கூடுதல் கட்டணம் கோரும் அறிவிப்பு டெஸ்பாட்ச் ஆன நாளுக்கும் கட்டணம் செலுத்தப்பட்ட நாளுக்கும் இடைப்பட்ட காலம், அலுவலகத்துக்குரிய 30 நாள்களிலிருந்து கழிக்கப்படுகிறது. அஞ்சலில் அறிவிப்பு கிடந்த நாள்களும் அதில் அடங்கும். அந்தத் தாமதத்துக்கு விண்ணப்பதாரர் காரணமாக மாட்டார். அலுவலகத்துக்கோ அந்நாள்கள் கணக்கில் வாரா. ஒரே சட்டத்துக்குள் இரு சொற்கள் இருவேறு விதமாகச் சுமையைப் பங்கிடுகின்றன.

இந்தப் பின்னணியில் பல்கலைக்கழகத்தின் நடைமுறையைப் பார்க்க வேண்டும். சேர்க்கை அறிவிப்புகளில் வழக்கமாக இரு தொடர்கள் இருக்கும்: விண்ணப்பங்கள் கடைசித் தேதிக்குள் 'வந்து சேர' வேண்டும், அஞ்சல் தாமதத்துக்குப் பல்கலைக்கழகம் பொறுப்பேற்காது. மாணவர் என்று அனுப்பினார் என்பது அங்கே ஒரு பொருட்டாகாது. அதே அலுவலகம் மாணவருக்கு எழுதும்போது, "இக்கடிதம் கண்ட நாளிலிருந்து" என்று கனிவாக எழுதுவது அரிது. "இக்கடிதத் தேதியிலிருந்து 15 நாள்களுக்குள்" என்ற வடிவமே பெரிதும் காணப்படுகிறது. கடிதத் தேதிக்கும் டெஸ்பாட்ச் தேதிக்கும் இடையே சில நாள்கள் கழிந்திருக்கலாம். டெஸ்பாட்சுக்கும் விடுதி அறைக்கும் இடையே மேலும் சில நாள்கள் கழிந்திருக்கலாம். மாணவர் அனுப்பினால் சேர்ந்த நாள் கணக்கு. நிறுவனம் அனுப்பினால் புறப்பட்ட நாள் கணக்கு. இரண்டு அளவுகோல்களிலும் இழப்பு ஒரே பக்கத்துக்கே விழுகிறது.

மின்னஞ்சல் வந்தபின் இச்சிக்கல் தீர்ந்துவிட்டது என்று சிலர் வாதிடலாம். தீரவில்லை, வடிவம் மாறியிருக்கிறது. 2000ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, மின்பதிவு அனுப்புபவரின் கட்டுப்பாட்டுக்கு வெளியே உள்ள கணினி வளத்துக்குள் நுழையும்போது அனுப்புதல் நிகழ்கிறது. பெறுபவர் தமக்கெனக் குறித்துக் கொடுத்த கணினி வளத்துக்குள் அது நுழையும்போது பெறுதலும் நிகழ்ந்துவிடுகிறது. எரிதக் கோப்புறைக்குள் விழுந்த கடிதமும் சட்டத்தின் பார்வையில் பெறப்பட்டதாகவே கொள்ளப்படலாம். இணையதளத்தின் ஒரு மூலையில் பதிவேற்றிய சுற்றறிக்கையை 'அனைவருக்கும் தெரிவிக்கப்பட்டது' என்று எழுதுவதோ, சட்டம் கேட்கும் இந்தக் குறைந்த அளவைக்கூட எட்டுவதில்லை.

ஒப்புநோக்க ஓர் எளிய எடுத்துக்காட்டு போதும். இணைய அங்காடியில் 200 ரூபாய்க்குக் கைப்பேசி உறை வாங்குபவருக்கு, பொருள் புறப்பட்டது, ஊருக்கு வந்தது, வீட்டுக்குக் கொண்டுவரப்படுகிறது, ஒப்படைக்கப்பட்டது எனத் தனித்தனிச் செய்திகள் வருகின்றன. 'டெஸ்பாட்ச் ஆயிற்று' என்ற செய்தியோடு அங்காடி நின்றுவிட்டால் எவரும் அதை ஏற்கமாட்டார்கள். ஓர் ஆய்வாளரின் உதவித்தொகை நிறுத்தப்படுவதாகச் சொல்லும் கடிதத்துக்கு மட்டும் அந்த ஒற்றைச் சொல் போதுமானதாக இருக்கிறது.

இந்திய மொழிகளின் அலுவலகச் சொற்களில் இதற்கான மாற்று ஏற்கனவே உள்ளது. மராத்தியிலும் குஜராத்தியிலும் வழங்கும் 'ஆவக்–ஜாவக்' என்ற இணைச்சொல், வருவதையும் போவதையும் ஒன்றாகவே பெயரிடுகிறது. பெற்றதற்கான ஒப்புகையைக் குறிக்க மராத்தியிலும் இந்தியிலும் 'பாவதி' என்ற சொல் இருக்கிறது. தமிழில் 'அனுப்புகை' என்று டெஸ்பாட்சுக்கு இணை கண்டிருக்கிறோம், அது பொருத்தமானதே. ஆனால் 'அனுப்புகை'யைச் 'சேர்ப்பித்த'லாகக் கொள்ள முடியாது. தமிழின் தூது இலக்கிய மரபும் இதை அறிந்திருந்தது. தூது விடுபவர், சென்று சொல்லிவிட்டுத் தலைவரிடமிருந்து மாலை வாங்கி வருமாறு தூதுப்பொருளை வேண்டுவது அம்மரபின் கூறு. 'தமிழ்விடு தூது' அதற்கு நல்ல எடுத்துக்காட்டு. சேர்ந்ததற்கான அடையாளம் திரும்பி வரும்போதே அங்கே தூது நிறைவு பெறுகிறது.

ஒவ்வொரு கடிதத்துக்கும் ஒப்புகை பெறுவது இயலாது, அனுப்புகைப் பிரிவில் ஆளும் இல்லை நேரமும் இல்லை என்பது நிர்வாகத்தின் நியாயமான மறுப்பு. விடுமுறைக் கடிதத்துக்கும் கருத்தரங்க அழைப்புக்கும் யாரும் அதைக் கோரவில்லை. பதிவை நீக்குதல், உதவித்தொகையை நிறுத்துதல், ஆய்வேட்டைத் திருத்தக் கெடு விதித்தல், ஒழுங்கு நடவடிக்கை ஆகிய சில வகைக் கடிதங்களுக்கு மட்டும் இரண்டு தேதிகள் பதிவாக வேண்டும்: புறப்பட்ட தேதி, சேர்ந்த தேதி. மாணவரின் கெடு இரண்டாவதிலிருந்து தொடங்க வேண்டும். வேண்டுமென்றே பெற மறுப்பவர் உண்டு என்ற அச்சத்துக்கும் வழி இருக்கிறது. 1897ஆம் ஆண்டின் பொது உட்பிரிவுகள் சட்டத்தின் 27ஆம் பிரிவு, சரியான முகவரியிட்டு முன்கட்டணம் செலுத்திப் பதிவஞ்சலில் அனுப்பியதை, மாறாக மெய்ப்பிக்கப்படும் வரை, வழக்கமான அஞ்சல் நேரத்தில் சேர்ந்ததாகவே கொள்கிறது. நிறுவனத்துக்கு அந்தப் பாதுகாப்பு போதும். மாணவருக்கோ 'மாறாக மெய்ப்பிக்க' ஒரு பதிவேடு தேவை. அதில் இரண்டாவது கட்டம் ஒன்று இருக்க வேண்டும்.

சொல்லாய்வாளர்கள் இங்கே செய்யக்கூடியது சிறிது, ஆனால் பயனுடையது. கலைச்சொல் தொகுக்கும்போது 'டெஸ்பாட்ச்', 'டெலிவரி', 'ரிசீப்ட்' ஆகிய மூன்றுக்கும் தனித்தனித் தமிழ்ச்சொற்களைத் தந்து, அவை ஒன்றையொன்று விழுங்காமல் காக்கலாம். விதிமுறைகளை மொழிபெயர்ப்போர், 'அனுப்பிய நாள்' என்றிருக்கும் இடத்தில் அதை அப்படியே எழுதி, 'தெரிவித்த நாள்' என்று மழுப்பாமல் இருக்கலாம். மாணவர் பேரவைகள், விதிமுறையில் கெடு எந்த நாளிலிருந்து எண்ணப்படுகிறது என்ற ஒற்றைக் கேள்வியைக் கல்விக்குழுவின் முன் வைக்கலாம். அந்தக் கேள்விக்கு எழுத்துமூலம் விடை கிடைக்கும் வரை, டெஸ்பாட்ச் எண் என்பது அலுவலகம் தனக்குத் தானே எழுதிக்கொள்ளும் ஒப்புகையாகவே இருக்கும்.