வீட்டுக் கடனுக்கு எத்தனை மூட்டை நெல்?

திருவாரூர் மாவட்டத்திலிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். மூன்று ஏக்கர் நஞ்சை. சம்பா நிச்சயம், தண்ணீர் நேரத்துக்கு வந்தால் குறுவையும் உண்டு. இரண்டு கறவை மாடுகள். ஓட்டு வீடு இனி ஒரு ஐப்பசி மழைக்குத் தாங்காது. மகளுக்கு வரன் பார்க்கத் தொடங்குவதற்குள் மெத்தை வீடாகக் கட்டிவிட வேண்டும் என்று வீட்டில் ஆசைப்படுகிறார்கள். மனைக்குத் தனிப் பட்டா இருக்கிறது. வங்கியில் 10 லட்சம் ரூபாய் தரச் சம்மதித்திருக்கிறார்கள். 9 சதவிகித வட்டி, 20 வருடம், மாதத் தவணை 8,997 ரூபாய். 'பால் காசிலேயே கட்டிவிடலாம்' என்கிறார் மனைவி. '20 வருடமெல்லாம் வேண்டாம், 15 வருடமாகப் போடுங்கள்' என்கிறார் மைத்துனர். யார் சொல்வதைக் கேட்பது என்பது அவருடைய கேள்வி.

இருவர் பேச்சிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் அவர் கடிதத்தில் மாதத் தவணை இருக்கிறது, வட்டி சதவிகிதம் இருக்கிறது. கட்டி முடிக்கும்போது மொத்தம் எவ்வளவு போயிருக்கும் என்ற கணக்கு மட்டும் இல்லை. முதலில் போட வேண்டியது அதைத்தான். 8,997 ரூபாயை 240 மாதம் கட்டினால் 21 லட்சத்து 59 ஆயிரம். வாங்கியது 10 லட்சம்; வட்டி மட்டும் 11 லட்சத்து 59 ஆயிரம்.

இதை நெல்லாக மாற்றிப் பார்த்தால் இன்னும் தெளிவாகப் புரியும். குவிண்டால் 2,500 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் 40 கிலோ மூட்டை ஒன்று 1,000 ரூபாய். ஆக, வட்டிக்கு மட்டும் 1,159 மூட்டை. ஏக்கருக்கு 60 மூட்டை காணும் நிலத்தில் இது 19 ஏக்கருக்கு மேலான விளைச்சல். உழவுக்கூலி, நடவு, உரம், அறுவடை இயந்திர வாடகை எதையும் கழிக்காமல் போட்ட கணக்கு இது.

பழைய ஒத்தி முறையில் இந்தக் கணக்கை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. நிலத்தை ஒத்திக்கு விட்டவர், கடன் கொடுத்தவர் அந்த நிலத்தில் அறுத்துக்கொண்டு போவதை வரப்பில் நின்று பார்ப்பார். அதுதான் வட்டி, கண்ணுக்குத் தெரியும், வயிறும் எரியும். வங்கி அடமானத்தில் வீடும் நம் பெயரில், குடியிருப்பதும் நாம். மாதா மாதம் கணக்கிலிருந்து பணம் தானாகப் போய்விடுகிறது. அறுவடை அங்கேயும் நடக்கிறது, ஆனால் பார்க்க முடிவதில்லை.

அதிலும் முதல் சில வருடங்கள்தான் கனமானவை. முதல் மாதத் தவணை 8,997 ரூபாயில் 7,500 ரூபாய் வட்டிக்குப் போய்விடும். அசலில் குறைவது 1,497 ரூபாய். முதல் வருடம் முழுவதும் 1 லட்சத்து 8 ஆயிரம் கட்டியிருப்பார். அசலில் குறைந்திருப்பது 19 ஆயிரம்கூட இல்லை. 10 வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டி, 10 லட்சத்து 80 ஆயிரம் செலுத்திய பிறகும் 7 லட்சத்து 10 ஆயிரம் பாக்கி நிற்கும். அசல் பாதியாகக் குறைய 14 வருடம் ஆகும். 'பத்து வருடமாகக் கட்டுகிறேன், வங்கியில் ஏமாற்றிவிட்டார்கள்' என்று சிலர் சண்டைக்குப் போவதுண்டு. ஏமாற்று ஒன்றும் இல்லை. நிற்கும் அசலுக்கு வட்டி. தொடக்கத்தில் அசல் அதிகம், அதனால் வட்டியும் அதிகம்.

மைத்துனர் சொல்லும் 15 வருடக் கணக்கு இப்படி வரும்: மாதம் 10,143 ரூபாய், மொத்த வட்டி 8 லட்சத்து 26 ஆயிரம். மாதம் 1,146 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் வட்டியில் 3 லட்சத்து 33 ஆயிரம் மிச்சம். 10 வருடம் என்றால் தவணை 12,668. வட்டி 5 லட்சத்து 20 ஆயிரம். கணக்குப்படி மைத்துனர் பக்கம்தான் நியாயம்.

ஆனால் தவணை மாதா மாதம் வரும். நெல் பணம் மாதா மாதம் வராது. இங்கேதான் பால் காசைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது. இரண்டு மாடும் சேர்ந்து நாளைக்கு 14 லிட்டர் கறந்து, லிட்டருக்கு 35 ரூபாய் கிடைத்தால் மாதம் 14,700 ரூபாய். தீவனம், வைக்கோல், மருத்துவச் செலவு என்று பாதி போய்விடும். கையில் நிற்பது 7,000 ரூபாயை ஒட்டி. அதுவும் இரண்டு மாடும் கறவையில் இருக்கும்போதுதான். கன்று ஈனுவதற்கு முன் 2 மாதமாவது பால் வற்றவிட வேண்டும். சினை பிடிக்கத் தாமதமானால் வறட்டு நாள் இன்னும் நீளும். இரண்டு மாடும் ஒரே சமயத்தில் வற்றிப் போனால் அந்த மாதங்களில் தவணைக்குக் கடன் வாங்க வேண்டியதுதான். 9,000 ரூபாய்த் தவணையைப் பாலிலேயே கட்டுவது என்றால் மூன்றாவது மாடு வேண்டும், ஈற்றுக்காலம் மாறி மாறி அமைய வேண்டும்.

ஆகவே இந்தக் குடும்பத்துக்கு ஏற்றது இரண்டு பேர் யோசனையையும் சேர்த்த வழி. பத்திரத்தில் 20 வருடமே இருக்கட்டும். வானம் பொய்த்த வருடத்தில் சிறிய தவணை காப்பாற்றும். ஆனால் ஒவ்வொரு வருடமும் தை, மாசியில் சம்பா நெல் பணம் வந்ததும் 25,000 ரூபாயை அசலில் கட்டிவிட வேண்டும். இப்படிச் செய்தால் கடன் 13 வருடத்துக்குள் முடிந்துவிடும். கூடுதலாகக் கட்டுவது 12 முறை 25,000, அதாவது 3 லட்சம். வட்டியில் மிச்சமாவது சுமார் 4 லட்சத்து 60 ஆயிரம். ஒரு வருடம் முடியாமல் போனால் யாரும் கேட்கப் போவதில்லை. முதல் ஐந்தாறு வருடத்தில் கட்டும் கூடுதல் பணத்துக்குத்தான் பலன் அதிகம். பயிருக்கு அடியுரம் மாதிரி.

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிச் செலுத்தினால் அபராதம் வாங்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. நிலையான வட்டியென்றால் அபராதம் இருக்கலாம், கேட்டுக்கொள்ள வேண்டும். கூடுதல் பணம் கட்டும்போது 'அசலில் வரவு வைத்து, தவணை மாறாமல் காலத்தைக் குறைக்கவும்' என்று எழுதிக் கொடுத்து நகல் வைத்துக்கொள்வது நல்லது. எழுதிக் கொடுக்காவிட்டால் காலத்தைக் குறைக்காமல் தவணையைக் குறைத்துவிடக்கூடும். சில வங்கிகள் விவசாயிகளுக்கு அறுவடையை ஒட்டி அரையாண்டுத் தவணையும் தருகின்றன. நாமாகக் கேட்டால்தான் சொல்வார்கள்.

கடிதத்தில் இன்னொரு வரி இருக்கிறது. கட்டுமானத்துக்குப் பணம் பற்றாமல் போனால் பயிர்க்கடனில் ஒன்றரை லட்சத்தை எடுத்துக்கொள்ளலாம் என்று நினைக்கிறாராம். இந்த யோசனையைக் கைவிடுவது நல்லது. உழவர் கடன் அட்டையில் 3 லட்சம் வரை 7 சதவிகித வட்டி. கெடுவுக்குள் கட்டினால் 3 சதவிகிதம் குறைந்து 4 சதவிகிதம்தான். கூட்டுறவுச் சங்கப் பயிர்க்கடனை உரிய காலத்தில் கட்டினால் தமிழ்நாட்டில் வட்டியே இல்லை. இவ்வளவு மலிவான பணத்தைச் சுவரில் பூசிவிட்டு, நடவுக்கு வெளியில் மூன்று வட்டிக்கு வாங்குவதைக் கிராமங்களில் பார்க்கலாம். நூற்றுக்கு மாதம் 3 ரூபாய் என்றால் வருடத்துக்கு 36 சதவிகிதம். ஒன்றரை லட்சத்துக்கு ஆறு மாத வட்டி 27,000 ரூபாய். அசலில் கட்ட வேண்டிய தை மாதப் பணம் அதிலேயே போய்விடும்.

பணம் பற்றாது என்று இப்போதே தெரிந்தால் வீட்டின் அளவைக் குறைப்பதுதான் வழி. மாடிப்படி, முன் போர்டிகோ இவற்றை இரண்டு அறுவடை கழித்துக் கட்டலாம். இடையில் நின்றுபோகும் வீடுதான் எல்லாவற்றிலும் செலவு பிடித்தது. வங்கி பணத்தை ஒரே தடவையில் தராது. அஸ்திவாரம், லிண்டல், கான்கிரீட் என்று வேலை ஏற ஏறத்தான் விடுவிக்கும். முழுத் தவணை தொடங்கும் வரை, எடுத்த பணத்துக்கு வட்டி மட்டும் கட்டிவர வேண்டும். 8 லட்சம் எடுத்த நிலையில் மேல்பூச்சு இல்லாமல் ஆறு மாதம் வேலை நின்றால் 36,000 ரூபாய் வட்டி போகும். அசலில் ஒரு ரூபாய் குறையாது.

கையெழுத்துப் போடும் நாளில் சேரும் சில்லறைச் செலவுகளும் உண்டு. பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், உரிமைப் பத்திரம் ஒப்படைப்பைப் பதிவு செய்ய முத்திரைத்தாள், பதிவுக் கட்டணம். இவற்றோடு காப்பீடு ஒன்றையும் சேர்த்து, பிரீமியத்தைக் கடனோடு ஏற்றிவிடுவார்கள். 30,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனில் ஏற்றினால் 20 வருடத்தில் அது 64,800 ரூபாய் ஆகிவிடும். காப்பீடு வேண்டாம் என்பதில்லை. உழைக்கும் ஆள் ஒருவராக இருக்கும் வீட்டில் கட்டாயம் வேண்டும். வங்கி காட்டும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. வெளியே விசாரித்து, தனியாக எடுத்து, ரொக்கமாகக் கட்டலாம். 2024 அக்டோபர் 1 முதல் எல்லாக் கட்டணங்களையும் சேர்த்து வருடத்துக்கு உண்மையில் எத்தனை சதவிகிதம் ஆகிறது என்பதைக் காட்டும் முக்கிய விவர அறிக்கையைக் கடன் கொடுப்பவர் தர வேண்டும், அதுவும் கடன் வாங்குபவருக்குப் புரிகிற மொழியில். இரண்டு வங்கிகளின் அறிக்கையைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும்.

'வீட்டுக் கடன் வாங்கினால் வருமான வரி மிச்சம்' என்று பள்ளி ஆசிரியர் நண்பர் சொன்னதாகவும் வாசகர் எழுதியிருக்கிறார். அது சம்பளக்காரர்கள் கணக்கு. விவசாய வருமானத்துக்கு வருமான வரியே இல்லாதபோது மிச்சப்படுத்த எதுவும் இல்லை.

நஞ்சையை அடமானத்தில் சேர்க்க வேண்டாம் என்பதையும் சொல்லிவிட வேண்டும். மனையும் கட்டும் வீடும் போதுமானவையாக இருக்கும்போது நிலப் பத்திரத்தைக் கூடுதல் பிணையாகக் கேட்டால் மறுக்கலாம். 90 நாளுக்கு மேல் தவணை நின்றால் அது வாராக்கடன். அதன்பின் 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டைக் கைப்பற்ற வங்கிக்கு அதிகாரம் உண்டு. விவசாய நிலத்துக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. ஆனால் கோர்ட்டு வழியாக வர முடியும்.

தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: 2021இல் வாங்கிய வீட்டுக் கடனுக்கு வட்டி ஏறியதாகக் குறுஞ்செய்தி வந்தது, ஆனால் தவணை ஏறவில்லை, அப்படியானால் பாதிப்பு இல்லைதானே?

பாதிப்பு உண்டு, தவணையில் தெரியவில்லை, அவ்வளவுதான். 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவிகிதத்திலிருந்து 6.5 ஆனது. தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டினார்கள். 10 லட்சம், 7 சதவிகிதம், 20 வருடம் என்றால் தவணை 7,753. ஒரு வருடம் கழித்து வட்டி 9 ஆகி, தவணை அப்படியே நின்றால் அந்தக் கடன் முடிய மொத்தம் 33 வருடம் ஆகும். அம்மா வாங்கிய கடனைப் பிள்ளை கட்ட வேண்டிவரும். வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்வு செய்யும் வாய்ப்பைத் தர வேண்டும் என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டிருக்கிறது. வாசகி கிளைக்குப் போய் இன்றைய அசல் பாக்கி, மீதி மாதம் இரண்டையும் எழுத்தில் வாங்கிப் பார்க்க வேண்டும். மீதி மாதம் நீண்டிருந்தால், வட்டி இறங்கும் காலத்தில் தவணையைக் குறைக்கச் சொல்லாமல் விடுவதே லாபம்.

கடனை அடைத்து நான்கு மாதமாகியும் பத்திரம் கைக்கு வரவில்லை என்கிறார் பட்டுக்கோட்டை வாசகர் ஒருவர்.

முழுவதும் அடைத்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதம் கடன் கொடுத்தவர் பக்கம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது. கிளை மேலாளருக்குத் தேதியோடு கடிதம் கொடுத்து ஒப்புகை வாங்க வேண்டும். ஒரு மாதத்தில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளருக்கு எழுதலாம், கட்டணம் கிடையாது. பத்திரம் வந்ததோடு வேலை முடிந்துவிடாது. கடன் தீர்ந்ததற்கான ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்து, புதிதாக வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்க வேண்டும். பழைய அடமானம் அதில் நின்றுகொண்டிருந்தால் பாகப்பிரிவினை சமயத்தில் அண்ணன் தம்பிகள் வந்து கேட்பார்கள்.