தேய்ந்த விரலுக்கு யார் பதில்?



ஆதாரை வடிவமைத்த நந்தன் நிலேகனி 1955இல் பெங்களூரில் பிறந்தவர். மும்பை ஐஐடியில் படித்தார். 1981இல் எழுவர் சேர்ந்து தொடங்கிய இன்ஃபோசிஸில் அவரும் ஒருவர். 2002 முதல் 2007 வரை அதன் தலைமைச் செயல் அதிகாரி. அதுவரை அவர் பதில் சொல்ல வேண்டியிருந்தது பங்குதாரர்களுக்கு மட்டுமே.

2009இல் மன்மோகன் சிங் அரசு அவரைத் தனித்துவ அடையாள ஆணையத்தின் தலைவராக்கி, கேபினட் அமைச்சருக்குரிய தகுதியும் தந்தது. மறு ஆண்டு செப்டம்பரில் மகாராஷ்டிரத்தின் தெம்பிலி கிராமத்தில் முதல் ஆதார் எண் வழங்கப்பட்டபோது அதற்கென்று சட்டமே கிடையாது. பிறகு வந்த மசோதாவை யஷ்வந்த் சின்கா தலைமையிலான நாடாளுமன்ற நிலைக்குழு 2011 டிசம்பரில் ஏற்க மறுத்தது. ஆள் பதிவு மட்டும் நிற்கவில்லை. 2014இல் நிலேகனி பதவி விலகி, காங்கிரசில் சேர்ந்து, பெங்களூரு தெற்கில் நின்று, பாஜகவின் அனந்தகுமாரிடம் 2.28 லட்சம் வாக்கு வித்தியாசத்தில் தோற்றார். அவரைத் தோற்கடித்த கட்சிதான் 2016இல் ஆதாரைப் பண மசோதாவாகக் கொண்டுவந்து சட்டமாக்கியது; மாநிலங்களவையின் திருத்தங்கள் எடுபடாமல் போக அந்த வழி போதுமானதாக இருந்தது. 2017இல் நிலேகனி இன்ஃபோசிஸுக்கே தலைவராகத் திரும்பினார். அவர் வடிவமைத்த ஆதார், விரல்ரேகை பார்க்கும் மிஷினாக ரேஷன் கடையில் தங்கிவிட்டது.

அது யாரிடம் தடுமாறுகிறது என்பதை நெசவு ஊர்களான இளம்பிள்ளையிலும் பள்ளிபாளையத்திலும் பார்க்கலாம். தறியில் பழைய பாவு முடிந்ததும் புதுப் பாவைப் பிணைக்க வேண்டும். பிணைப்பவர் சாம்பலைத் தொட்டுத் தொட்டு, ஆயிரக்கணக்கான இழைகளை ஒவ்வொன்றாக விரலிடுக்கில் முறுக்குகிறார். சேலத்துக் கொலுசுப் பட்டறையில் விரல் ஆசிடில் ஊறுகிறது. இருபது முப்பது வருடம் இப்படி உழைத்த விரலில் ரேகை எங்கே இருக்கும்? மிஷின் சிவப்பு விளக்கைக் காட்டுகிறது. துணியில் துடைத்து மறுபடி வை என்கிறார்கள். அடுத்த விரல், அதற்கடுத்த விரல். பின்னால் வரிசை முணுமுணுக்கிறது. ஓடிபி போடலாம் என்றால், அந்த எண் உள்ள செல்போன் திருப்பூரில் பனியன் கம்பெனிக்குப் போன மகனிடம் இருக்கிறது. அரை நாள் கூலி போனதுதான் மிச்சம்.

உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 26 அன்று நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் ஆதாரை ஏற்றது. ரேகை பொருந்தாததற்காக யாருக்கும் பலன் மறுக்கப்படாது என்று அரசு தந்த உறுதியும் தீர்ப்பில் இருக்கிறது. டெல்லியில் கொடுத்த அந்த உறுதி விற்பனையாளரின் மேசை வரை வரவில்லை. கடை முகப்பில் இருப்புப் பலகைக்குப் பக்கத்திலேயே அதைத் தமிழில் எழுதி மாட்ட வேண்டும். மிஷின் ஏற்காதவருக்கு, நோட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, அன்றைக்கே அரிசி போட வேண்டும்.

– ஒரு வாசகர், பள்ளிபாளையம், நாமக்கல் மாவட்டம்