தவணை கேட்பது மானக்கேடு இல்லை

எங்கள் வீடுகளில் ஆங்கிலக் கடிதம் வாசிப்பது பிள்ளைகளின் வேலை. ஆஸ்பத்திரிக் கடிதம், கவுன்சில் கடிதம், பள்ளிக்கூடக் கடிதம் எல்லாவற்றையும் நாங்கள்தான் உடைத்து வாசித்துச் சொல்லுவோம். ஆனால் ஒரு கடிதத்தை மட்டும் எங்களுக்குக் காட்டாமல் அலுமாரிக்குள் வைத்துவிடுவார்கள். அதுதான் கடன் வழக்குக் கடிதம்.

பிள்ளைக்குத் தெரியக்கூடாது, சனம் கதைக்கும் என்ற பயம். அந்த வெட்கம் எனக்கு விளங்குகிறது. ஆனால் அதற்கு நாங்கள் கொடுக்கும் விலை பெரிது என்பதுதான் என் கருத்து.

இங்கிலாந்திலும் வேல்ஸிலும் கவுண்டி கோர்ட்டில் கடன் வழக்குப் போட்டால், பதில் அனுப்ப 14 நாள் இருக்கிறது. கடன் உண்மை, ஆனால் ஒரேயடியாகக் கட்ட முடியாது என்று சொல்வதற்கென்றே ஒரு படிவமும் கூட வரும். அதன் பெயர் என்9ஏ. சம்பளம், வாடகை, சாப்பாட்டுச் செலவு எல்லாம் எழுதி, மாதம் எவ்வளவு கட்டலாம் என்று அதில் சொல்லலாம். கடன் கொடுத்தவர் அந்தத் தொகைக்குச் சம்மதிக்காவிட்டால், தவணையைக் கோர்ட்டே தீர்மானிக்கும்.

பதிலே போடாவிட்டால், பெரும்பாலும் முழுத் தொகையையும் உடனே கட்டச் சொல்லித் தீர்ப்பு வரும். அதற்குப் பிறகு சம்பளத்தில் பிடிக்க உத்தரவு வாங்கலாம், வீட்டின் மேல் கடனைப் பதியலாம், பெயிலிஃபை அனுப்பலாம்.

அப்போதும் வழி இருக்கிறது. என்245 என்ற படிவத்தை நிரப்பி, பெயிலிஃபை நிறுத்தித் தவணையில் கட்ட அனுமதி கேட்கலாம். கட்டணம் உண்டு, வருமானம் குறைந்தவர்களுக்கு அதிலும் சலுகை கேட்கலாம். ஆனால் 600 பவுணும் அதற்கு மேலும் உள்ள சில கடன்களை உயர் நீதிமன்ற அதிகாரிகளிடம் மாற்றிவிடலாம். அப்படி மாற்றினால் இந்தப் படிவம் போதாது. பிந்தப் பிந்த வேலை கூடும்.

இதெல்லாம் இருந்தும் எங்கள் ஆட்கள் சிலர் என்ன செய்கிறார்கள்? சீட்டைக் கழிவுக்கு எடுக்கிறார்கள், நகையை அடைவு வைக்கிறார்கள், தெரிந்தவரிடம் மாத வட்டிக்கு வாங்குகிறார்கள். கோர்ட் கடன் தீர்ந்துவிடும், சனத்துக்கும் தெரியாது. ஆனால் பழைய கடனில் உங்கள் வரவு செலவைப் பார்க்க ஒரு கோர்ட் இருந்தது. மாத வட்டிக்காரர் அதைப் பார்க்கப் போவதில்லை.

தவணையில் நட்டமும் உண்டு. தீர்ப்பு வந்து ஒரு மாதத்துக்குள் முழுவதும் கட்டினால் பதிவை நீக்குவார்கள். தவணையில் கட்டினால் அது 6 வருடம் நிற்கும். வீட்டுக் கடன் எடுப்பது கஷ்டமாகும். கையில் காசு இருந்தால் கட்டிவிடுங்கள். பதிவை அழிப்பதற்காக வட்டிக்கு வாங்காதீர்கள்.

கடன் கொடுத்தவருக்கு இது அநியாயம் இல்லையா என்று கேட்கலாம். எங்களிலும் கடைக்காரர்கள் இருக்கிறார்கள், அவர்களுக்கும் காசு வரவேண்டியிருக்கிறது. வெறும் வீட்டுக்குப் பெயிலிஃபை அனுப்புவதைவிட மாதாமாதம் 40 பவுண் ஒழுங்காக வருவது அவர்களுக்கும் நல்லதுதான். தவணை தவறினால் அவர்கள் திரும்ப நடவடிக்கை எடுக்கலாம். அதனால் மானத்துக்காகக் கூட்டி எழுதாமல், கட்டக்கூடிய தொகையையே எழுதவேண்டும்.

தம்பி, தங்கைமாரே, இன்னொன்றும் தெரிந்திருங்கள். இப்படியான கடனுக்கு முதல்முறை வரும் பெயிலிஃப் வீட்டுக் கதவை உடைத்து வரமுடியாது; பூட்டாத கதவால் வரலாம். வீட்டில் 16 வயதுக்குக் குறைந்த பிள்ளைகள் மட்டும் இருந்தால் உள்ளே வரவே கூடாது.

படிவம் நிரப்புவது உங்கள் தலையில் மட்டும் விழவேண்டியதில்லை. நேஷனல் டெட்லைன், ஸ்டெப்சேஞ்ச் இரண்டும் இலவசமாக ஆலோசனை தருகின்றன. நீங்கள் செய்யவேண்டியது அதற்கு முந்தினது. இன்றைக்கே அம்மா அப்பாவிடம் சொல்லி வையுங்கள்: "கோர்ட்டில இருந்து ஏதும் வந்தா என்னட்டத் தாங்கோ. நான் ஒண்டும் சொல்லமாட்டன்." கடிதம் கைக்கு வந்ததும் முதலில் திகதியைப் பாருங்கள். 14 நாள் என்பது நினைப்பதைவிடச் சீக்கிரம் முடிந்துவிடும்.