ஸ்பிளாஷ் ஸ்கிரீன்: வாசலில் மாட்டிய படம்

கோப்பெங்கிலிருந்து ஒரு வாசகி வாட்ஸ்அப்பில் எழுதியிருக்கிறார். மகன் சிங்கப்பூரில் வேலை செய்கிறார். வீட்டில் இவரும் கணவரும் மட்டும். போன வாரம் ஒரு நாள் கைப்பேசியில் வங்கிச் செயலியைத் தட்டினாராம். வங்கியின் சின்னம் வந்தது, அதற்குக் கீழே ஒரு வட்டம் சுற்றியது, அவ்வளவுதான். பத்து நிமிடம் ஆகியும் உள்ளே போகவில்லை. மகனைக் கூப்பிட்டார். "ஸ்பிளாஷ் ஸ்கிரீன்லயே நிக்குதாம்மா, இல்ல லாகின் வரைக்கும் வருதா?" என்று மகன் கேட்க, "இங்க தண்ணியெல்லாம் ஒண்ணும் தெறிக்கலப்பா, படம்தான் நிக்குது" என்று இவர் சொல்லியிருக்கிறார். மகன் சிரித்துவிட்டு, "லைன் ஸ்லோவா இருக்கும்மா, போனை ஒருதரம் அடைச்சிப் போடுங்க" என்று சொல்லி வைத்துவிட்டாராம்.

'அந்த ஸ்பிளாஷ் ஸ்கிரீன் என்றால் என்னவென்று பத்திரிகையில் எழுதுங்களேன்' என்பதுதான் அவர் கேட்டது. செய்தியின் கடைசியில், போகிற போக்கில், இன்னொரு வரியும் எழுதியிருந்தார். அதைப் படித்ததும் எழுத்து வேலையை ஒதுக்கிவைத்துவிட்டு உடனே அவருக்கு போன் செய்தேன். அந்த வரிக்குப் பிறகு வருகிறேன். முதலில் கேட்ட கேள்வி.

கோப்பெங்காரர்களுக்கு 'ஸ்பிளாஷ்' என்றதும் கம்பார் ஆற்றில் ரப்பர் படகு பாறையில் மோதும்போது முகத்தில் அடிக்கும் தண்ணீர்தான் ஞாபகம் வரும். அந்த அம்மா சொன்னதில் தப்பே இல்லை. கணினிக்கு முன்பே இந்தச் சொல்லை வேறு பொருளில் பிடித்துக்கொண்டவர்கள் பத்திரிகைக்காரர்கள். முதல் பக்கத்தில் பெரிய எழுத்தில் போடும் தலையாய செய்தியைப் பிரிட்டிஷ் பத்திரிகைகளில் 'ஸ்பிளாஷ்' என்பார்கள். ஆங்கிலப் படக்கதைப் புத்தகங்களில் பக்கம் முழுவதையும் ஒரே படமாக வரைந்தால் அது 'ஸ்பிளாஷ் பேஜ்'. கண்ணில் பளிச்சென்று அடிக்கிற மாதிரி, முன்னால் நிற்கிற படம். கணினியிலும் அதே குணம்தான்: ஒரு மென்பொருளையோ செயலியையோ திறந்தவுடன், அது வேலைக்குத் தயாராகும் வரை திரையில் காட்டப்படும் படம். பெரும்பாலும் அதில் நிறுவனச் சின்னம் இருக்கும். மென்பொருளின் பெயர், எத்தனையாவது பதிப்பு என்ற எண், சில நேரம் ஒரு கோடோ வட்டமோ இருக்கும்.

ஏன் இப்படி ஒரு படம் தேவைப்பட்டது? தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு ஒரே சொல்லில் விளக்கிவிடலாம்: பெரட்டு. விடியுமுன் பெரட்டுக் களத்தில் எல்லாரும் வந்து நிற்க வேண்டும். பெயர் வாசித்து, யாருக்கு எந்தப் பக்கம் வேலை என்று பிரித்த பிறகுதான் மரத்தடிக்குப் போவார்கள். மென்பொருளுக்கும் அப்படி ஒரு பெரட்டு உண்டு. தன் பாகங்களைச் சேமிப்பிலிருந்து எடுத்து நினைவகத்தில் நிறுத்த வேண்டும், எழுத்துருக்களை எண்ண வேண்டும், போன முறை நாம் செய்து வைத்த அமைப்புகளைப் பார்க்க வேண்டும், இணையம் இருக்கிறதா என்று கேட்க வேண்டும். அதற்குள் திரை வெறுமையாக இருந்தால் நாம் சும்மா இருப்போமா? தட்டியது படவில்லை என்று நினைத்து இன்னும் நாலு முறை தட்டுவோம். 'தட்டியது தெரியும், கொஞ்சம் பொறுங்கள்' என்று சொல்லத்தான் அந்தப் படம்.

ஒரே செயலியில் இந்தப் படம் ஒரு நேரம் வருகிறது, ஒரு நேரம் வருவதில்லை என்று சிலர் குழம்புவதுண்டு. இப்போதுதான் மூடிவிட்டு உடனே திரும்பத் திறந்தால் பாகங்கள் இன்னும் நினைவகத்திலேயே நின்றுகொண்டிருக்கும். இரண்டாவது பெரட்டு தேவையில்லை. நேரே உள்ளே போய்விடும்.

இந்தப் பெரட்டில் ஆளின் பெயரையே வாசித்துக் காட்டிய மென்பொருள் ஒன்று உண்டு. கல்யாண ஆல்பம், பிறந்தநாள் பேனர் என்று ஸ்டூடியோவில் வேலை பார்த்தவர்களுக்குத் தெரிந்திருக்கும்: அடோபி ஃபோட்டோஷாப். 1990 பிப்ரவரியில் வெளியான முதல் பதிப்பின் தொடக்கப் படத்தில் தாமஸ் நோல், ஜான் நோல் என்ற சகோதரர்கள் உட்பட நான்கே பேரின் பெயர்கள் இருந்தன. பதிப்புகள் வளர வளர அந்தப் பட்டியலும் வளர்ந்தது. பட்டியலின் முன்பகுதியில், நம் காதுக்கு நன்றாகப் பழகிய ஒரு பெயர் ஆண்டுக்கணக்கில் நின்றது: சீதாராமன் நாராயணன். அவர் ஃபோட்டோஷாப்பை உருவாக்கிய பொறியாளர்களில் ஒருவர். ஃபோட்டோஷாப் திறக்க நேரமெடுக்கும் கனமான மென்பொருள். அந்த நேரம் முழுவதும் உலகமெங்கும் உள்ள ஓவியர்களும் வடிவமைப்பாளர்களும் தூரிகைகளை எண்ணுகிறது, எழுத்துருக்களைப் படிக்கிறது என்று ஓடும் வரிகளோடு இந்தப் பெயரையும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பல வெள்ளைக்காரர்களுக்கு வாயில் நுழையாத பெயர். யார் இவர் என்ற ஆவலில் இணையத்தில் அவருக்கு ரசிகர் பக்கமே தொடங்கினார்கள். காத்திருக்க வைத்ததால் கிடைத்த புகழ்! கணினி வேகமாக இருந்திருந்தால் அந்தப் பெயரை யாரும் படித்திருக்க மாட்டார்கள்.

தமிழில் இதற்கு என்ன சொல்வது? 'தெறிப்புத் திரை' என்று நேராக மாற்றினால் மறுபடி தண்ணீருக்கே போய்விடுவோம். 'முகப்புத் திரை' என்பதை, செயலிகளின் சின்னங்கள் வரிசையாக இருக்கும் திரைக்குப் பலரும் பயன்படுத்துகிறார்கள். 'வரவேற்புத் திரை' அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் விண்டோஸில் பயனர் பெயரைத் தேர்ந்தெடுக்கும் திரைக்கு ஆங்கிலத்தில் வெல்கம் ஸ்கிரீன் என்று பெயர், இரண்டும் குழம்பும். எழுதும்போது நான் 'தொடக்கத் திரை' என்று எழுதுகிறேன். பேசும்போது ஸ்பிளாஷ் ஸ்கிரீன் என்றே சொல்கிறேன், மகன் சொன்னது மாதிரி. கடைக்காரரிடம் போய் தொடக்கத் திரை என்றால் அவர் திருதிருவென விழிப்பார்.

ஒரு வேறுபாட்டை மட்டும் மறக்காதீர்கள். கைப்பேசியை அணைத்துத் திரும்பப் போடும்போது வரும் தயாரிப்பாளரின் சின்னம் செயலியின் ஸ்பிளாஷ் ஸ்கிரீன் அல்ல. அது கைப்பேசியே எழுந்து நிற்கும் நேரம், 'பூட் ஸ்கிரீன்'. அதிலேயே நின்றுவிட்டால் கோளாறு கைப்பேசியில், கடைக்குத்தான் கொண்டுபோக வேண்டும். ஒரு செயலி மட்டும் தன் படத்தில் நின்றால் கோளாறு அந்தச் செயலியிலோ இணையத்திலோ இருக்கும். வைஃபையை அடைத்து மொபைல் டேட்டாவில் முயலலாம். செயலியை வலுக்கட்டாயமாக நிறுத்தித் திறக்கலாம். புதிய பதிப்பு இருக்கிறதா என்று பார்க்கலாம். 'கேஷ்' என்பதை மட்டும் அழிக்கலாம். 'டேட்டா' என்பதை அழித்தால் எல்லாம் புதிதாகத் தொடங்கும், கடவுச்சொல் ஞாபகம் இல்லாதவர்கள் அதில் கை வைக்க வேண்டாம்.

இந்தப் படத்தை வைப்பதிலும் இரண்டு கட்சி இருக்கிறது. ஆப்பிள் தன் செயலி வடிவமைப்பாளர்களிடம், தொடக்கத் திரையை விளம்பரப் பலகை ஆக்காதீர்கள், செயலியின் முதல் பக்கம் போலவே வெறுமையாக வையுங்கள் என்கிறது. பார்ப்பவருக்குச் செயலி சட்டென்று திறந்தது போலத் தெரியுமாம். அதில் எழுத்தே வேண்டாம் என்றும் சொல்கிறது, ஏனென்றால் பயனரின் மொழிக்கு ஏற்ப அந்த எழுத்து மாறாது. கூகுளோ 2021-இல் வந்த ஆண்ட்ராய்டு 12 முதல், எந்தச் செயலியைப் புதிதாகத் திறந்தாலும் அதன் சின்னத்தைத் தானே நடுவில் காட்டிவிடுகிறது. செயலியை எழுதியவர் தனியாக எதுவும் வரையத் தேவையில்லை.

இங்கேதான் அந்த அம்மாவின் கடைசி வரி. 'பேங்க் ஆபிசர் என்று ஒருவர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய புதுச் செயலி இது. பேங்க் சின்னம் சரியாக வருகிறது, அதனால் அசல்தான் என்று நினைக்கிறேன்.'

சின்னம் சரியாக வருவது எதற்குமே சாட்சியில்லை. விண்டோஸ் 95 காலத்துக் கணினியை வைத்திருந்தவர்கள் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். போட்டவுடன் மேகமும் வானமுமாக ஒரு படம் வரும், அடியில் ஒரு பட்டை ஓடிக்கொண்டே இருக்கும். அந்தப் படம் 'லோகோ.சிஸ்' என்ற ஒரு சின்னக் கோப்பு. 320க்கு 400 புள்ளி, 256 நிறம், சாதாரண பெயிண்டிலேயே திறந்து வரையலாம். விண்டோஸ் படத்தைத் தூக்கிவிட்டு ரஜினி படத்தைப் போட்டு வைத்த பையன்களை நான் பார்த்திருக்கிறேன். கணினியைப் போட்டால் ரஜினி வருவார், பிறகு வழக்கம்போல விண்டோஸ் வரும். அடியில் ஓடிய பட்டையும் எதையும் அளக்கவில்லை. நிறங்களை வரிசையாக மாற்றி ஓடுவது போலக் காட்டினார்கள், அவ்வளவே. அன்று பதின்ம வயதுப் பையன் விளையாட்டாகச் செய்ததை இன்று மோசடிக்காரன் தொழிலாகச் செய்கிறான். வங்கியின் சின்னத்தை இணையத்தில் எடுத்துத் தன் செயலிக்கு ஒட்டுவது சில நிமிட வேலை. மீதியை ஆண்ட்ராய்டே பார்த்துக்கொள்ளும், நடுவில் அழகாகக் காட்டிவிடும்.

வாட்ஸ்அப்பில் இப்படி வருவது 'ஏபிகே' என்ற கோப்பு. கல்யாண அழைப்பிதழ் என்பார்கள், அரசாங்க உதவித்தொகை என்பார்கள், வங்கிச் செயலியின் புதிய பதிப்பு என்பார்கள். திறந்தால் முதலில் கைப்பேசியே, இது கடைக்கு வெளியிலிருந்து வருகிறது என்று எச்சரிக்கும். அதைத் தாண்டச் சொல்லி அவர்களே வழி காட்டுவார்கள். அடுத்து, குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்கும். வங்கி அனுப்பும் டேக் எண் அதில்தானே வரும்! 2022-இல் பேங்க் நெகாரா, குறுஞ்செய்தி வழி டேக் எண் அனுப்புவதை விட்டுவிட்டு இன்னும் பாதுகாப்பான வழிக்கு மாறும்படி வங்கிகளிடம் சொன்னதற்கு இந்த மாதிரித் திருட்டும் ஒரு காரணம்.

வட்டம் சுற்றிக்கொண்டே இருந்ததே, அதற்குத்தான் நான் பயந்தேன். சின்னத்தைக் காட்டிக் காத்திருக்க வைத்துக்கொண்டு பின்னால் வேறு வேலை பார்ப்பது இந்தச் செயலிகளின் பழக்கம். மகன் மேல் குற்றமில்லை. நிற்கிற இடத்தைச் சரியாகக் கேட்டார், செயலி எங்கிருந்து வந்தது என்று கேட்கத் தோன்றவில்லை. அம்மாவும் சொல்லவில்லை.

போனில் அவரிடம் நான் சொன்னது இதுதான். கைப்பேசியை முதலில் விமான நிலைக்கு மாற்றுங்கள், வைஃபையும் டேட்டாவும் போய்விடும். கணவரின் போனிலிருந்து, ஏடிஎம் அட்டையின் பின்னால் அச்சிட்டிருக்கும் எண்ணுக்கு அழைத்து இணையச் சேவையை நிறுத்தச் சொல்லுங்கள். அந்த 'ஆபிசர்' அனுப்பிய எண்ணுக்கு வேண்டாம். பணம் போயிருந்தால் ஒரு நிமிடமும் தாமதிக்காமல் 997-க்கு அழையுங்கள், அது 2022 அக்டோபரில் தொடங்கிய தேசிய மோசடிப் பதில் நடவடிக்கை மையத்தின் எண். அந்தச் செயலியை நீக்குங்கள், நீக்க மறுத்தால் கடையில் கொடுத்துக் கைப்பேசியை முழுவதும் அழித்துப் புதிதாக்குங்கள். கடவுச்சொற்களை வேறொரு கைப்பேசியிலிருந்து மாற்றுங்கள்.

நல்ல வேளை, லாகின் பக்கமே வராததால் அவர் கடவுச்சொல்லைத் தட்டவில்லை. குறுஞ்செய்தி அனுமதியை மட்டும் கொடுத்திருந்தார். வங்கி அன்று மதியமே சேவையை நிறுத்திவிட்டது. பணம் அப்படியே இருந்தது.

உங்கள் கைப்பேசியில் இருப்பது எங்கிருந்து வந்தது என்று பார்க்க ஒரு வழி இருக்கிறது. பெரும்பாலான ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் செட்டிங்ஸ் போய், செயலிகள் பட்டியலில் வங்கிச் செயலியைத் தட்டி, பக்கத்தின் அடி வரை இறங்குங்கள். கூகுள் பிளே ஸ்டோரிலிருந்து நிறுவப்பட்டதா என்று அங்கே தெரியும். கடையில் இருக்கும் பக்கத்துக்குப் போய், சின்னத்தை விட்டுவிட்டு, அதற்குக் கீழே சின்ன எழுத்தில் இருக்கும் தயாரிப்பாளர் பெயரைப் படியுங்கள். இன்றைக்கு ஞாயிறு, பிள்ளைகள் வீட்டுக்கு வந்திருப்பார்கள். அம்மா அப்பா கைப்பேசியை வாங்கி இதைப் பார்த்துக் கொடுக்க ஐந்து நிமிடம் போதும்.

நேற்று அந்த வாசகி மறுபடி செய்தி அனுப்பினார். பிளே ஸ்டோரிலிருந்து அசல் செயலியைப் போட்டாயிற்றாம். அதுவும் சின்னத்தைக் காட்டிவிட்டுக் கொஞ்ச நேரம் நிற்கிறதாம். 'இது லைன் ஸ்லோதானே?' என்று கேட்டிருந்தார். ஆமாம் அம்மா, இது லைன் ஸ்லோதான்.