கோளறு பதிகமும் முகூர்த்த நாளும்



திருமணம் ஒன்றை நடத்தி முடித்தவர்க்குக் களைப்பு ஆறுமுன் நாவில் எழுவது செலவுக் கணக்கே என்பது உலகறிந்தது. யானும் இவ்வாண்டு ஆவணித் திங்களில் மயிலாப்பூரில் மணவறை ஏறியவன். எனினும் ஈண்டு எழுதப் புகுந்தது பந்தலுக்கும் பந்திக்கும் ஆன பொருளைப் பற்றியன்று. நாள் பார்த்தல் என்னும் ஒன்றன் பொருட்டு யாங்கள் இழந்ததைப் பற்றியதே. நம்மவருள் பலர்க்கு இது கசக்கும். கசப்பினும் சொல்லாதிருத்தல் எனக்கு இயலவில்லை.

என் மனைவியின் தாய்வழிப் பாட்டனார் 84 வயது நிரம்பியவர். மாடவீதியிலேயே பிறந்து வளர்ந்தவர். விடியலில் நீராடித் திருநீறணிந்து, கபாலீசுவரர் திருக்குளத்தை வலம்வந்து, வீடு திரும்பித் திருமுறை ஓதுவதன்றி அவர்க்கு வேறு நியமம் இல்லை. ஓதும் பதிகங்கள் நாளுக்கு நாள் மாறும். மாறாதது கோளறு திருப்பதிகம் ஒன்றே. வைகாசியில் எங்கள் மணம் உறுதி செய்யப்பட்டபோதே அவர் மிக நலிந்திருந்தார். “ஆனி முடிவதற்குள் வைத்துக்கொள்ளுங்கள், கண்ணால் பார்த்துவிட்டுப் போகிறேன்” என்றார். அவர் எங்களிடம் கேட்டது அவ்வொன்றுதான்.

பஞ்சாங்கம் விரிக்கப்பட்டது. ஆனியில் எங்கள் இருவர் நட்சத்திரத்துக்கும் ஒத்துவரும் நாள்கள் இரண்டே என்றார் சோதிடர். அவ்விரு நாள்களிலும் மயிலையிலோ தியாகராய நகரிலோ அடையாற்றிலோ எங்கள் கைக்கு எட்டிய மண்டபம் ஒன்றும் ஒழியவில்லை. ஆனிக்குப் பின் ஆடி. ஆடியில் மணம் ஆகாது என்றனர். ஆகவே ஆவணி என்று முடிவாயிற்று. ஆடி 20-ஆம் நாள் பாட்டனார் சிவனடி சேர்ந்தார். ஆவணியில் மணவறைக்கு எதிரே அவர்க்கென்று எண்ணியிருந்த நாற்காலியில் பழத்தட்டுகளை அடுக்கி வைத்திருந்தார்கள்.

இனி அப்பதிகம் பிறந்த வரலாற்றை அன்பர்கள் நினைவிற் கொள்க. திருமறைக்காட்டில் சம்பந்தப் பெருமானும் அப்பரடிகளும் எழுந்தருளியிருந்த காலை, மங்கையர்க்கரசியாரும் குலச்சிறையாரும் விடுத்த தூதர் பாண்டிநாட்டினின்றும் வந்தனர். பிள்ளையார் புறப்பட ஒருப்பட்டார். நாள்நிலையும் கோள்நிலையும் நன்றாக இல்லை, இப்பொழுது போதல் தகாது என்று தடுத்தவர் யார்? அயலாரல்லர்; அப்பரடிகளே. அன்பின் மிகுதியால் சொல்லிய அச்சொல்லுக்கு விடையாக எழுந்ததே அப்பதிகம். இறைவன் உள்ளத்தே குடிகொண்டமையால் கோள்கள் யாவும் அடியார்க்கு நல்லனவே என்பது அதன் கருத்து. பாடினார், பாடிவிட்டு நல்ல நாள் வரட்டும் என்று காத்திருந்தாரல்லர், அன்றே புறப்பட்டார். நாமோ பதிகத்தை ஓதுகின்றோம். ஓதிய ஏட்டை மூடி வைத்துவிட்டு, அதே பலகையின்மேல் பஞ்சாங்கத்தை விரிக்கின்றோம். பதிகத்தை நம்பின் பஞ்சாங்கம் எற்றுக்கு? பஞ்சாங்கத்தை நம்பின் பதிகம் எற்றுக்கு? பாட்டனார் 60 ஆண்டுக்கு மேல் ஓதியதை அவர் வீட்டாராகிய நாங்கள் ஒரு நாளேனும் கேட்கவில்லை என்றே சொல்ல வேண்டும்.

நாள் பார்த்தலால் நாள்கள் எவ்வளவு சுருங்குகின்றன என்பதை யான் ஒருநாள் தாளும் எழுதுகோலும் கொண்டு கணக்கிட்டுப் பார்த்தேன். ஆடியும் மார்கழியும் கழிந்தால் ஆண்டின் 365 நாளில் ஏறக்குறைய 304 எஞ்சும். செவ்வாயும் சனியும் ஆகா என்பர். அவை கழிந்தால் 217. அட்டமி நவமிகள் கழிந்தால் 190-க்கும் குறைவு. புரட்டாசியை விலக்குவார் உளர். தேய்பிறையை விலக்குவார் பலர். கரிநாள் கழிய வேண்டும். பின்பு மணமகன் நட்சத்திரத்திற்கும் மணமகள் நட்சத்திரத்திற்கும் பொருந்துதல் வேண்டும். எஞ்சிய நாளிலும் இராகுகாலமும் எமகண்டமும் நாளொன்றுக்கு ஒன்றரை மணி வீதம் விழுங்குகின்றன. இவ்வளவும் போகச் சல்லடையில் நிற்கும் சில நாள்களின்மேல் இம்மாநகரத்து மணவீட்டார் அனைவரும் ஒருங்கே சென்று விழுகின்றனர்.

விழுந்தால் ஆவதென்ன? மண்டபத்தார் கேட்டதே வாடகை. சமையற்காரர் சொன்னதே கூலி. நாகசுரக்காரர் ஒரு வீட்டில் கெட்டிமேளம் முழக்கிவிட்டு அடுத்த வீட்டிற்கு வண்டியேறுகின்றார். ஓதுவாமூர்த்தி இரண்டு பாட்டு ஓதுவதற்குள் மூன்றுமுறை கைக்கடிகாரத்தைப் பார்க்கின்றார். அவர்மீது குறையில்லை, வேறோர் மண்டபத்தில் அவரை எதிர்நோக்கி நிற்கின்றனர். உறவினர் கையில் அந்த ஒரு நாளுக்கே நான்கு அழைப்பிதழ்கள். எவர் வீட்டிலும் அமர்ந்து வாழ்த்த அவர்க்கு நேரமில்லை. எங்களுக்கு மண்டபம் காட்டிய ஒருவரிடம், “முகூர்த்தமில்லாத நாளில் என்ன வாடகை?” என்று கேட்டேன். அவர் சொன்ன தொகை பாதிக்கும் குறைவு. “ஆனால் அந்த நாளில் யார் கேட்கிறார்கள்?” என்று நகைத்தார். கடன்பட்டு மகளை மணம் செய்விக்கும் ஏழைச் சைவன் ஒருவன் இந்த நாட்கூலியை எத்தனை ஆண்டு உழைத்து அடைப்பான் என்பதை நாள் குறித்துக் கொடுப்போர் எண்ணுவதில்லை. இந்நோய் மணவீட்டோடு நின்றபாடுமில்லை. முகூர்த்த நாள்களில் பத்திரம் பதிவதற்கு வருவோர் நெருக்கத்தால் பதிவுத்துறையே அந்நாள்களில் கூடுதல் டோக்கன் வழங்கும்படி ஆகியிருக்கின்றது.

இவ்வளவு அஞ்சுவோர் அச்சத்திலேனும் உறுதியுடையரோ எனின், அதுவும் இல்லை. ஆடியில் தாலி கட்டலாகாது. ஆனால் அந்தத் தாலிக்கு உரிய கூறைப்புடவையை ஆடித் தள்ளுபடியில் வாங்கலாம்! பாண்டி பஜாரிலும் உசுமான் சாலையிலும் ஆடியில் நிற்கும் கூட்டத்தில் பாதி ஆவணி மணவீட்டார் என்று நினைக்கின்றேன். யாங்களும் அக்கூட்டத்தில் நின்றோம். இன்னும் ஒன்று. மணத்திற்கு முதல்நாள் மாலையே வரவேற்பு என்று வைத்து, தாலி ஏறாத பெண்ணையும் பிள்ளையையும் கணவன் மனைவியராக அருகருகே நிறுத்தி ஊரார் வாழ்த்துகின்றனரே, அதற்கு எந்தச் சோதிடர் ஓரை குறித்துக் கொடுத்தார்? அங்கே விருந்தினர் வசதி ஒன்றே முகூர்த்தம். வசதிக்கு வளையும் நாள், ஒரு முதியவரின் கடைசி விருப்பத்திற்கு மட்டும் வளையவில்லை.

எங்கள் மணம் திங்கட்கிழமை. காலை 6 மணி முதல் 7.30 வரை முகூர்த்தம். திங்களில் 7.30-க்கு இராகுகாலம் தொடங்கும் என்பது நம் வீட்டுச் சிறுவர்க்கும் தெரியும். மணவறையைச் சூழ்ந்திருந்த படப்பிடிப்பாளர் விளக்கை மாற்றினர், மாலையை நேராக்கச் சொன்னர், முன்னே நின்ற பெரியோரை விலகச் சொன்னர். தாலியை யான் கையில் எடுத்தபோது எதிர்ச்சுவர்க் கடிகாரம் 7.40 காட்டிற்று. யான் கண்டேன், என் மாமனார் கண்டார், சோதிடரும் கண்டார் என்றே கருதுகின்றேன். ஒருவரும் வாய் திறக்கவில்லை. எந்த நாழிகைக்காக ஆனியை விட்டோமோ, ஆடியைக் கழித்தோமோ, பாட்டனாரை இழந்தோமோ, அந்த நாழிகை படக்கருவிக்கு முன் பத்து நிமிடத்தில் கழிந்தது. அதனால் எங்கள் வாழ்வுக்குக் குறையொன்றும் நேர்ந்திலது. ஆயின் அந்த நாழிகைக்கு என்ன ஆற்றல் இருந்தது என்று யான் கேட்கலாகாதோ?

“பெரியபுராணத்துத் திருமணங்களுக்கு நன்னாள் குறிக்கப்படவில்லையா?” என்று என்னை மடக்கினார் ஒரு நண்பர், தமிழும் சைவமும் கற்றவர். குறிக்கப்பட்டன, மறுத்தற்கில்லை. குறித்த அந்நாள்களில் நிகழ்ந்தது யாது என்பதையும் அவர் சேர்த்து எண்ணியிருக்க வேண்டும். புத்தூரில் நம்பியாரூரர்க்குக் குறித்த நன்னாளில் முதிய வேதியர் ஒருவர் ஆளோலையுடன் புகுந்து மணத்தை நிறுத்தினார். சடங்கவியார் மகளார் மணக்கோலத்தோடே நின்றார். மானக்கஞ்சாறர் மகளார்க்குக் குறித்த நன்னாளில் மாவிரதியார் வந்தார். பஞ்சவடிக்கென்று மணமகளின் கூந்தலையே தந்தையார் அரிந்து கொடுத்தார். நல்லூர்ப் பெருமணத்தில் திருநீலநக்கர் சடங்கு செய்யச் சம்பந்தப் பெருமான் கைப்பற்றிய நன்னாளில், மணமக்களும் மணங்காண வந்தோரும் ஒருங்கே சோதியிற் கலந்தனர். ஊர் திரும்பி இல்லறம் நடத்தினார் எவருமிலர். பஞ்சாங்கக் கணக்கில் இம்மூன்றையும் எவ்வகையில் சேர்ப்பது? நன்னாள் குறித்தது குடும்பம். அந்நாளைத் தனக்கென்று எடுத்துக்கொண்டவன் இறைவன். சேக்கிழார் பெருமான் நாளின் பெருமை காட்டவோ இவற்றைப் பாடினார்?

“திருக்கோயிலிலும் நாள் நட்சத்திரம் உண்டன்றோ?” என்பது அடுத்த தடை. உண்டு. இதற்கு விடை மயிலாப்பூரிலேயே இருக்கின்றது. சிவநேசர் தம் மகள் பூம்பாவையைச் சம்பந்தர்க்கென்றே வளர்த்தார். மணம் பேசும் பருவம் எய்துமுன் அரவு தீண்டி இறந்தாள். எலும்பையும் சாம்பலையும் குடத்திலிட்டுக் காத்தார். அக்குடத்தின்முன் பிள்ளையார் பாடிய பதிகத்தில் நாள்களே நிரல்படுத்தப்படுகின்றன: ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, மார்கழி ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம். இவற்றைக் காணாமலே போவாயோ என்று இறந்த பெண்ணை அழைக்கின்றார். நாள் அங்கே வழிபாட்டிற்கு விடுக்கும் அழைப்பு. அஞ்சி ஒதுங்குவதற்கு இட்ட வேலியன்று. ஆண்டுதோறும் பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாள் அந்நிகழ்ச்சியைத் திருக்குளக்கரையில் கண்டு கண்ணீர் விடும் நாமே, அப்பதிகம் ஏத்திய மார்கழியைப் ‘பீடை மாதம்’ என்று பழிக்கின்றோம். ஆடிக்குக் காரணம் சொல்வாருளர்: ஆடிப்பட்டம் தேடி விதைக்கும் உழவர்க்கு அப்போது ஓய்வில்லை, ஆடியிற் கருவுற்றால் சித்திரை வெயிலிற் பேறுகாலம் நேரும் என்பர். உழவர்க்கு இவை தக்க காரணங்களே. மாடவீதியில் யாருக்கு ஏர் இருக்கின்றது?

சித்தாந்தம் இதில் ஐயத்திற்கு இடம் வைத்திலது. பேறு, இழவு, இன்பம், பிணி, மூப்பு, சாக்காடு ஆகிய ஆறும் கருவிலேயே அமைந்தன என்பது சிவஞானசித்தியார் கொள்கை. வினையை அறிந்து ஊட்டுவோன் சிவன். கோள்கள் அவன் ஆணைவழி நிற்பன. இவ்விடத்தில் என் மாமியார் என்னை வினவினார்: “அப்படியானால் அப்பாவின் சாவும் கருவில் அமைந்ததுதானே? ஆனியில் வைத்திருந்தால் மட்டும் என்ன?” மெய்தான். அவர் இறக்கும் நாளை யாங்கள் மாற்றியிருத்தல் இயலாது. ஆயின் அதே நியாயம் எங்கள் வாழ்வுக்கும் பொருந்தும். எங்கள் இன்பமும் துன்பமும் ஆவணித் திங்கட்கிழமையால் மாறுவனவல்ல. வினை வழியே யாவும் வருமெனின், நம் கையில் எஞ்சுவது ஒருவர்க்கு ஒருவர் செய்யும் அன்பு மட்டுமே. அந்த அன்பை ஆனியில் செய்திருக்கலாம். பாட்டனாரின் கட்டிலுக்கு முன்னே, பத்துப் பேர் நிற்க, ஓர் ஓதுவார் பாட, வீட்டுக் கூடத்திலேயே செய்திருக்கலாம். 2009-ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டப்படி 90 நாளுக்குள் மணத்தைப் பதிந்து கொள்ளல் வேண்டும். பதிவு அலுவலகத்தில் எந்த நட்சத்திரத்தில் தாலி கட்டினாய் என்று எவரும் எங்களைக் கேட்டிலர். மாமியார் மறுமொழி சொல்லவில்லை, உள்ளே சென்றுவிட்டார். அவரைப் புண்படுத்தினேனோ என்ற வருத்தம் எனக்கு இன்றளவும் உண்டு.

நாள் குறிப்போர்மீது எனக்குப் பகையில்லை. அவர்கள் கேட்டதற்குச் சொல்பவர்கள். கேட்பவர் நாம். திருநீறு பூசிய கையால் கட்டணம் கொடுத்துக் கேட்பவர் நாம். வழக்கு அவர்களோடன்று.

இப்பொழுது என் மைத்துனிக்கு மணம் பேசி முடித்திருக்கின்றனர். பிள்ளை வீட்டார் நல்ல சைவர். அவர் தாயார் படுக்கையில் இருக்கின்றார். மார்கழி ஆதிரையன்று கபாலீசுவரர் சந்நிதியில் வணங்கி வந்து, பாட்டனார் ஓதிய அதே கூடத்தில் மணம் செய்வது என்று யானும் என் மனைவியும் சொல்லியிருக்கின்றோம். மணமக்கள் இருவரும் இசைந்துவிட்டனர். பிள்ளையின் தந்தையார், தம் உறவினரைக் கேட்டுச் சொல்வதாகக் கூறிச் சென்றார். என் மாமனார் ஒன்றும் சொல்லவில்லை. பஞ்சாங்கம் இன்னும் அவர் மடியில்தான் இருக்கின்றது. நேற்று மாலை பார்த்தபோது அது மூடியிருந்தது.