சம்மனில் 'கட்டளை 37' இருக்கா? தோல் வியாபாரிகள் 10 நாளில் செய்ய வேண்டியது என்ன?

ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை பக்கம் தோல் வியாபாரத்தில் பாக்கிதான் பெரிய தலைவலி. சரக்கு முதல்ல வரும், பணம் பின்னால போகும். நடுவுல நம்பிக்கைக்கு ஒரு தேதி போட்ட செக் அல்லது புரோநோட்டு. 2025 ஆகஸ்ட் 27 முதல் அமெரிக்கா 50% வரி போட்ட மாதிரி ஒரு அடி விழுந்து ஷூ ஆர்டர் நின்னா, அந்த செக்கும் நிக்கும். அடுத்து வர்றது சம்மன்.

அதைக் கையில வாங்கினதும் வழக்கு எண்ணுக்குக் கீழே பாருங்க. உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 37 என்று இருந்தால், அது சுருக்கமுறை வழக்கு. செக், புரோநோட்டு, எழுத்துப்பூர்வ ஒப்பந்தப்படி வர வேண்டிய குறிப்பிட்ட தொகை ஆகியவற்றுக்கு இந்த வழியில் போகலாம்.

என்ன வித்தியாசம்? சாதாரண சிவில் கேஸில் எதிர்த்து வாதாடுவது பிரதிவாதியின் உரிமை. இங்கே அதற்கே கோர்ட்டிடம் அனுமதி வாங்கணும்.

சம்மன் கிடைத்த 10 நாளுக்குள் நேரிலோ வக்கீல் மூலமோ ஆஜராகணும். அதன்பின் வாதி, 'தீர்ப்புக்கான சம்மன்' அனுப்புவார். அது வந்த 10 நாளுக்குள் எதிர்வாத அனுமதி கேட்டு பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யணும். 'வாய்தா வாங்கிக்கலாம்'னு சும்மா இருந்தா, வாதி சொன்னதை எல்லாம் நீங்க ஒத்துக்கிட்டதா எடுத்துக்கிட்டு தீர்ப்பு வந்துரும். செக் பவுன்ஸ் கிரிமினல் கேஸ் தனியா நடக்குதேன்னு இதை ஓரங்கட்டவும் கூடாது. அது வேற, இது வேற.

அனுமதி கிடைக்குமா?

அனுமதி தருவதுதான் பொது விதி, மறுப்பது விதிவிலக்கு என்று 2022-ல் பி.எல்.காஷ்யப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் சரக்கு சப்ளை பாக்கி வழக்குதான், தோலுக்குப் பதில் இரும்பு. ஆனால் எப்படிப்பட்ட வாதம் என்பது முக்கியம். 2016 ஹப்டவுன் தீர்ப்பின்படி, விசாரிக்க வேண்டிய நியாயமான கேள்வி இருந்தால் நிபந்தனை இல்லாமல் அனுமதி. வாதத்தின் நேர்மையில் சந்தேகம் வந்தால் பணம் கட்டச் சொல்லலாம், சில நேரம் வட்டியோடு முழுத் தொகையையும். வெறும் சாக்கு என்றால் அனுமதி கிடையாது.

தோல் தொழிலில் சிக்கலே இங்கேதான். பச்சைத்தோலில் உண்ணிக்கடித் தழும்பு, ஆறின கீறல் எல்லாம் வாங்கும்போது ரோமத்துக்குள்ள மறைஞ்சிருக்கும். சுண்ணாம்பு போட்டு ரோமம் எடுத்த பிறகுதான் தெரியும். அப்போ போன்ல திட்டிட்டு விட்டுடுறாங்க. பின்னாடி கோர்ட்டில் 'சரக்கு மட்டம்' என்றால், 'அப்பவே ஏன் எழுதலை?' என்ற கேள்வி வரும். அன்னைக்கே போட்டோவோட அனுப்பின ஒரு வாட்ஸ்அப் மெசேஜ், தரம் பிரித்த கணக்கு, திருப்பி அனுப்பின சரக்கின் ரசீது... இதெல்லாம்தான் வாதத்துக்கு உயிர் கொடுக்கும்.

இன்னொன்று: 10 லட்சம் கேட்ட வழக்கில் 4 லட்சம் பாக்கி உண்மைதான் என்று ஒத்துக்கிட்டா, அந்த 4 லட்சத்தை கோர்ட்டில் கட்டினால்தான் மீதிக்கு வாதாட அனுமதி.

நாள் தவறிடுச்சா? போதிய காரணம் காட்டினால் தாமதத்தை கோர்ட் மன்னிக்கலாம். தீர்ப்பே வந்திருந்தால், விசேஷ சூழ்நிலை இருந்ததை நிரூபிச்சு ரத்து கேட்கலாம். 'வக்கீல் பார்த்துக்குவார்னு நினைச்சேன்' என்பது மட்டும் அதற்குப் போதுமானதா இருக்காது.